காயவைத்த இரண்டு ஏக்கர்

சென்னையில் இரண்டு சினிமாத் தயாரிப்பு அலுவலகங்களில் என்னைப் பற்றி ஒரே மாதிரி சொல்லி வைத்திருக்கிறார்கள். "நல்லா எடுப்பாங்க, ஆனா லொகேஷன்ல பிரச்சனை பண்ணுவாங்க." சொன்னவர்களில் பாதிப் பேர் என் முகத்தைப் பார்த்ததுகூடக் கிடையாது. அந்தப் பேச்சை முதலில் கிளப்பிவிட்டவன் யார் என்று எனக்குத் தெரியும். அவனை இங்கே அவன் என்றே எழுதுகிறேன். ஒரு காலத்தில் வா, போ என்று பேசிக்கொண்ட பழக்கம். இப்போது மரியாதை சேர்த்து எழுத மனசு வரவில்லை.

நான் முதலில் கேமரா பிடித்தது திண்டுக்கல் பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் இருந்த ஒரு கல்யாண ஸ்டுடியோவில். முதலாளி என்னை வேலைக்குச் சேர்த்ததற்குக் காரணம் என் திறமை இல்லை. பேகம்பூரில் நிக்காஹ் வீடுகளில் பெண்கள் பக்கத்துக்குள் ஆம்பளை கேமராவை விடமாட்டார்கள். சடங்கு வீடுகளிலும் தண்ணி ஊற்றும்போது வெளியே போகச் சொல்லிவிடுவார்கள். அதற்கு ஒரு பெண் வேண்டியிருந்தது. ஸ்டுடியோவில் இருந்த மற்ற மூன்று பேரும் என்னை ஒரு நாளும் ஒத்துக்கொள்ளவில்லை. சார்ஜ் நிற்காத பேட்டரியாகப் பார்த்து என் பையில் போட்டு அனுப்புவார்கள். மணப்பெண்ணுக்கு மருதாணி காட்டுகிற நேரத்தில் லைட் அணைந்துபோகும். திட்டு எனக்கு விழும். வேறு வழியில்லாமல் நான் ஜன்னலைத் திறந்து, பெண்ணை அதன் பக்கம் திருப்பி உட்காரவைத்து எடுக்கப் பழகினேன். ஒரு வருஷத்தில் கல்யாண வீட்டுக்காரர்கள் "ஆல்பத்துல பொம்பளையாளுக படம் மட்டும் எப்படி இம்புட்டு நல்லாருக்கு" என்று கேட்க ஆரம்பித்தார்கள். அந்த மூன்று பேரும் அதற்கு அப்புறம் என்னோடு டீ குடிப்பதையும் நிறுத்திவிட்டார்கள்.

அங்கிருந்து சென்னை. ஆறு வருஷம் ஒரு பெரிய ஒளிப்பதிவாளரிடம் உதவியாளராக இருந்து ஃபோகஸ் இழுத்தேன். யூனிட் வேன் டிரைவர் தினமும் "கேமராமேன் எங்கம்மா?" என்று என்னிடமே கேட்பார். ஆறாவது வருஷக் கடைசியில் ஒரு பழைய டிஜிட்டல் சினிமா கேமராவை வாங்கினேன். அந்தச் சமயத்தில்தான் அவன் வந்தான். உதவி இயக்குநராக இருந்து வெளியே வந்தவன், கையில் ஒரு கதை, தயாரிப்பாளர் கிடையாது. வத்தலக்குண்டு பஸ் ஸ்டாண்டில் பஸ் நேரம் எழுதுகிற ஒருவரைப் பற்றிய கதை. நானும் என் கேமராவும் போனோம். கூட்டத்துக்குள் யாருக்கும் தெரியாமல், பூக்கூடைகளுக்கு நடுவில் உட்கார்ந்து இருபத்தோரு நாளில் எடுத்து முடித்தோம். படம் வெளிநாட்டு விழாக்களுக்குப் போனது. அப்போது அவனை எனக்குப் பிடித்திருந்தது. மறைக்க ஒன்றுமில்லை. ஒரு ஃப்ரேமை இரண்டு பேரும் ஒரே நேரத்தில் பார்ப்போம்.

இரண்டாவது படம் வறட்சி பற்றியது. மழை பொய்த்து, நிலத்தைப் போட்டுவிட்டுக் கிளம்புகிற ஒரு குடும்பம். ரெட்டியார்சத்திரத்தை ஒட்டி ஒரு கிராமத்தில் இடம் பார்த்துக் கொடுத்ததும் நான்தான். இரண்டு ஏக்கர் தரிசு, நடுவில் ஒரு வேப்பமரம், பின்னால் மலை. நிலத்துக்காரர் திண்டுக்கல்லில் இருக்கிறார். ஒரு மாதத்துக்கு விட்டுக்கொடுத்தார். நான் அவனிடம் தெளிவாகச் சொன்னேன்: "சித்திரை வைகாசியில வா. நீ கேக்குற காய்ச்சல் அப்பத்தான் இருக்கும்." சரி என்றான். அப்புறம் நடிகரின் தேதி கார்த்திகையில்தான் கிடைத்தது. ஐப்பசி முழுக்க நல்ல மழை. நாங்கள் போய் இறங்கியபோது தரிசு முழங்கால் உயரம் புல்லும் பூண்டுமாகப் பச்சைப்பசேலென்று நின்றது. மலையிலும் மேகம் இறங்கிக் கிடந்தது.

அவன் வரப்பில் நின்று பார்த்தான். "இது என் படம் இல்ல" என்றான்.

நான் வழி சொன்னேன். சோளம் அறுத்த தட்டைக்காடு பக்கத்திலேயே இருந்தது, அதை வைத்துக்கொள்ளலாம். கேமராவைக் காலை வெயிலுக்கு எதிராக வைத்தால் பச்சை கறுத்துவிடும். முகங்களுக்கு நெருங்கிப் போகலாம். இல்லையென்றால் கதையை மாற்று, மழை வந்தும் போகவேண்டி இருக்கிற குடும்பமாக ஆக்கு, அதுவும் நடக்கிறதுதானே என்றேன். அவன் கேட்டுக்கொண்டே இருந்துவிட்டு, "எனக்கு வைட் ஷாட் வேணும். அடிவானம் வரைக்கும் செத்த நிலம் வேணும்" என்றான்.

மறுநாள் காலை பத்து மணிக்கு நான் தரிசுக்குப் போனபோது புரொடக்ஷன் மேனேஜர் இரண்டு ஆட்களோடு நின்றார். முதுகில் மாட்டுகிற பவர் ஸ்பிரேயர். களைக்கொல்லி இரண்டு வகையைக் கலந்துகொண்டிருந்தார்கள். நான் வேண்டாம் என்று கத்தினேன். அவனைக் கூப்பிட்டேன். மருந்தடிக்க வந்த ஆளே தயங்கினார்.

"சார், இத வெள்ளன அடிக்கணும். இப்பக் காத்து ஏறிருச்சு. பக்கத்துத் தோட்டத்துக்குப் போயிரும்."

வரப்புக்கு அந்தப் பக்கம் தக்காளி. நல்ல செழிப்பு, பூவும் பிஞ்சுமாக. காற்று நேரே அந்தப் பக்கம்தான் போய்க்கொண்டிருந்தது; தக்காளிக் குச்சிகளில் கட்டியிருந்த சாக்குக் கயிற்றின் நுனியெல்லாம் மேற்கே பார்த்துப் பறந்தது. அவன் என்னிடம், "ஓரத்துல விட்டுட்டு நடுவுல அடிப்பாங்க. நீ போ, வீட்டு சீனுக்கு ரெடி பண்ணு. லைட் போயிரும்" என்றான்.

லைட் போய்விடும் என்றது உண்மை. காட்சிக்குப் பார்த்து வைத்திருந்த வீட்டுக்குள் பதினொன்றரை வரைக்கும்தான் கூரை இடுக்கு வழியாக வெயில் விழும். நான் போனேன். எனக்குத் தெரிந்தே போனேன். இதை யாரிடமும் மாற்றிச் சொன்னதில்லை. அங்கேயே ஸ்பிரேயருக்கு முன்னால் நின்றிருந்தால் அடித்திருக்க மாட்டார்கள். நான் கூரை இடுக்கு வெயிலுக்காக ஓடினேன்.

நாலு நாளில் தரிசு காய்ந்தது. புல் ஒரேயடியாகச் சாகாமல், நுனி மஞ்சளாகவும் நடு செம்மண் நிறமாகவும் அடி சாம்பலாகவும் நின்றது. சித்திரையில்கூட அப்படி ஒரு நிறம் வராது. ஐந்தாம் நாள் சாயங்காலம், வேப்பமரத்துக்குக் கீழே நடிகர் நிற்க, நிழல் நீண்டு கிழக்கு வரப்பைத் தொடுகிற மாதிரி ஒரு வைட் ஷாட் எடுத்தேன். என் வாழ்க்கையில் எடுத்ததிலேயே நல்ல ஷாட் அதுதான். அதைச் சொல்ல வெறுப்பாக இருக்கிறது.

ஆறாம் நாள் காலை, அதே இடத்தில் மறுபடி எடுத்துக்கொண்டிருந்தபோது ஒரு பெண் ஃப்ரேமுக்குள் நடந்து வந்தார். ஐம்பது வயதிருக்கும். சேலையைத் தூக்கிச் செருகி, ஆம்பளைச் சட்டை போட்டு, கையில் வேரோடு பிடுங்கிய ஒரு தக்காளிச் செடி. நடிகரைத் தாண்டி நேரே கேமராவைப் பார்த்து வந்தார்.

"அக்கா, ஓரமாப் போங்க, ஷாட் போயிட்டிருக்கு" என்று அவன் கத்தினான்.

"எது போயிட்டிருக்கு? என் தோட்டம்தான் போயிட்டிருக்கு. இது யாரு செஞ்ச வேல?"

செடியை நீட்டினார். இலைகள் நூலாகச் சுருண்டு முறுக்கிக் கிடந்தன. தண்டே பிடித்துத் திருகிவிட்ட மாதிரி இருந்தது. மேனேஜர் பார்த்துவிட்டு, "இது இலைச்சுருட்டு நோய்க்கா. எல்லாத் தோட்டத்துலயும் இருக்கு. வைரஸ்" என்றார்.

"நோவா? இருவது வருசமாத் தக்காளி போடுறேன், எனக்கு நோவு தெரியாதா? வரப்போரத்துல இருக்குற செடி பூராம் முறுக்கிக் கெடக்கு, கடைசிப் பாத்தி மட்டும் தெளிவா நிக்குது. நோவு வரப்பு பாத்துத்தான் வருமா?"

அவர் எல்லோரையும் ஒரு சுற்றுப் பார்த்துவிட்டு என்னிடம் வந்தார்.

"நீ எந்த ஊரு?"

"திண்டுக்கல்தான்க்கா."

"திண்டுக்கல்லா?" என்று என்னை மேலும் கீழும் பார்த்தார். "இவங்க மெட்ராசுக்காரங்க, ஒண்ணுந் தெரியாதுன்னு விட்டுறலாம். ஒனக்குமா தெரியல?"

"தெரியும்க்கா" என்றேன். அவன் என்னைத் திரும்பிப் பார்த்தது எனக்குத் தெரிந்தது.

அவர் என்னைத் திட்டிய வார்த்தைகளை இங்கே எழுத முடியாது. திட்டி முடித்துவிட்டு, மூச்சு வாங்கியபடியே, "வெவசாய ஆபீஸ்ல போட்டோ கேக்குறாங்க. எங்கிட்ட பட்டன் போன்தான் இருக்கு. இம்புட்டுப் பெரிய பொட்டிய வச்சிருக்கீல்ல, வந்து எடு" என்றார். கேட்ட மாதிரி இல்லை. வேலை ஏவின மாதிரி இருந்தது.

மத்தியானம் எல்லோரும் சாப்பிட உட்கார்ந்தபோது நான் கேமராவைத் தூக்கிக்கொண்டு வரப்பைத் தாண்டினேன். எடுக்கிறதென்றால் ஒழுங்காக எடுப்போம் என்று நினைத்தேன். முறுக்கின செடியையும் கடைசிப் பாத்தியின் நல்ல செடியையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து எடுத்தேன். உச்சி வெயில் தட்டையாக இருந்ததால் மேலே ஒரு வெள்ளைத் துணியைப் பிடித்து மறைத்து, இலைச் சுருள் தெரிகிற மாதிரி வெளிச்சத்தைப் பக்கவாட்டில் வாங்கினேன். கடைசியாக மோட்டார் ரூம் மேலே ஏறி, செத்த தரிசும் வரப்பும் முறுக்கின பாத்திகளும் பச்சைப் பாத்திகளும் ஒரே படத்தில் வரும்படி எடுத்தேன். அந்த அக்கா கீழே நின்று பார்த்துக்கொண்டிருந்தார். தண்ணி வேண்டுமா என்றுகூடக் கேட்கவில்லை.

நான் இறங்கும்போது அவன் வரப்பில் நின்றான்.

"என்ன பண்ற?"

"பாத்தா தெரியல?"

"என் படத்துக்கு எதிரா, என் ஷூட்டிங்ல, கேமராவ வச்சு சாட்சி சேக்குறியா?"

"கேமரா என்னோடது."

"இந்த ஊர் முழுக்க இதத்தான் அடிக்கிறாங்க. கடையில விக்குது. நாம அடிச்சா மட்டும் கொலையா? நீ ஏன் திடீர்னு ஊர்க்காரியாயிட்ட? நேத்து அந்த ஷாட்டுக்குச் சந்தோஷப்பட்டது யாரு?"

சந்தோஷப்பட்டது நான்தான். அதனால்தான் அவ்வளவு கோபம் வந்தது என்று இப்போது தோன்றுகிறது. கையில் இருந்த துணியை அவன் முகத்தில் எறிந்தேன். சாப்பிட்டுக்கொண்டிருந்த அத்தனை பேரும் பார்த்தார்கள். அவன் துணியை மெதுவாக எடுத்து மடித்தான். "நீ கல்யாண வீட்டுக்குத்தான் லாயக்கு. அங்கேயே போ" என்றான். ஊருக்கு வந்து என் வீட்டில் சாப்பிட்டு, என் அம்மாவிடம் "உங்க பொண்ணு கண்ணுதாம்மா என் சொத்து" என்று சொன்னவன்.

லென்ஸ்களைப் பெட்டியில் அடுக்கினேன். அதுவரை எடுத்த காட்சியெல்லாம் அவனிடமே இருந்தது. அது அவன் படம், நான் தொடவில்லை. தோட்டத்தில் எடுத்த கார்டை மட்டும் எடுத்துக்கொண்டேன். யாரும் பெட்டியைத் தூக்க வரவில்லை. இரண்டு நடையாக மெயின் ரோட்டுக்குக் கொண்டுபோய், ஒட்டன்சத்திரத்திலிருந்து வந்த பஸ்ஸை நிறுத்தினேன். "லக்கேஜா? எடமில்லம்மா" என்றார் கண்டக்டர். அவரோடும் சண்டை போட்டுத்தான் ஏறினேன்.

வீட்டுக்கு வந்ததும் படங்களைப் பெரிதாகப் பிரிண்ட் போட்டு அந்த அக்காவிடம் கொண்டுபோய்க் கொடுத்தேன். அவர் அதை மனுவோடு வேளாண்மை ஆபீஸுக்குக் கொண்டுபோனார். நானும் கூடப் போனேன். அதிகாரி படங்களை ஒவ்வொன்றாகப் பார்த்தார். மோட்டார் ரூம் மேலேயிருந்து எடுத்ததை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தார்.

"இது யாரு எடுத்தது?"

"நான்தான் சார்."

"என்ன வேல பாக்குறீங்க?"

சொன்னேன். சிரித்தார். "அதான் பாத்தேன். சினிமா போஸ்டர் மாதிரி இருக்கு. இதுல கலரெல்லாம் மாத்திருப்பீங்கல்ல? எங்களுக்கு இதெல்லாம் செல்லாதும்மா. செல்போன்ல, தேதி, எடமெல்லாம் படத்துலயே விழுற மாதிரி சாதாரணமா ஒண்ணு எடுத்துட்டு வாங்க. நாங்களும் வந்து பாக்குறோம்."

என் போனில் அதைச் செய்திருக்கலாம். அரை நிமிஷ வேலை. எனக்கு அது தோன்றவே இல்லை. நான் வெயிலையும் சுருளையும் பார்த்துக்கொண்டிருந்தேன். அதற்குள் அந்த அக்கா முறுக்கின செடிகளைப் பிடுங்கிக் கொளுத்திவிட்டிருந்தார். அடுத்த வெள்ளாமைக்கு நிலம் வேண்டும், படம்தான் எடுத்தாகிவிட்டதே என்ற நம்பிக்கை. அவர்கள் வந்து பார்த்தபோது பார்க்க ஒன்றுமில்லை. தரிசிலும் மழை பெய்து புதுப் புல் தலைகாட்டியிருந்தது.

ஆபீஸ் வாசலில் அக்கா அந்தப் பிரிண்டுகளை என் கையில் திணித்தார். "அழகா எடுத்துருக்க. வச்சுக்க" என்றார். ஷேர் ஆட்டோவில் ஏறும்போது என்னை உட்காரச் சொல்லவில்லை. நான் அடுத்ததில் போனேன்.

அவன் வேறொருவரை வைத்துப் படத்தை முடித்தான். டைட்டிலில் ஒளிப்பதிவு என்று அவர் பெயர். என் பெயர் கடைசியில் நன்றி சொல்கிற இடத்தில், சாப்பாடு கொண்டுவந்த மெஸ்ஸுக்குக் கீழே வந்தது. போஸ்டரில் இருந்தது என் வைட் ஷாட். பேட்டிகளில் அவன், "அந்த நிலம் காயறதுக்காக ஆறு மாசம் காத்திருந்தோம்" என்று சொன்னான். கேட்டவர்கள் உருகிப்போய்த் தலையாட்டினார்கள். பேட்டி போட்ட இரண்டு பத்திரிகைகளுக்கு நடந்ததை எழுதினேன். ஒரு இடத்தில் பதிலே வரவில்லை. இன்னொரு இடத்தில், இது உங்களுக்குள் இருக்கும் தனிப்பட்ட மனஸ்தாபமாகத் தெரிகிறது என்று எழுதினார்கள். மனஸ்தாபம் இருந்தது. அதற்காக நடந்தது நடக்காமல் போய்விடாது.

அடுத்த வருஷம் திண்டுக்கல்லிலேயே ஒரு கல்யாண மண்டபத்தில் ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அந்தப் படத்தைத் திரையிட்டார்கள். அவன் வந்திருந்தான். நான் கடைசி வரிசையில் உட்கார்ந்தேன். படம் முடிந்து கேள்வி கேட்கச் சொன்னதும் வேட்டி கட்டிய ஒருவர் எழுந்தார்.

"தம்பி, படம் நல்லாருக்கு. ஆனா எங்க ஊரு எப்பய்யா இப்படிக் கெடந்துச்சு? ரெட்டியார்சத்திரம் பக்கம் இம்புட்டு மோசமாக் காஞ்சு நான் பாத்ததில்ல. அதும் பக்கத்துல சோளத்தட்ட நிக்குது, மல மேல மேகம் நிக்குது. இது எந்த மாசம்?"

அவன் நிதானமாக, நிலம் ஒரு குறியீடு என்று ஆரம்பித்தான். நான் எழுந்துவிட்டேன். மைக் தரவில்லை, குரல் போதும்.

"கார்த்திக மாசம். மருந்தடிச்சுக் காயவச்சது. பக்கத்துத் தக்காளித் தோட்டமும் சேந்து போச்சு. அந்த ஷாட்ட எடுத்தது நான்."

மண்டபத்தில் சத்தம் எழுந்தது. அவன் மைக்கை வாயருகில் வைத்துக்கொண்டே என்னைப் பார்த்தான். ஏற்பாட்டாளர் ஒருவர் என்னை உட்காரச் சொல்லிக் கையைக் காட்டினார். வேட்டிக்காரர் உட்காராமல் என் பக்கம் திரும்பினார்.

"அப்ப நீயும் கூட்டுத்தானம்மா? எடுத்துப்புட்டு இப்ப வந்து சொன்னா ஆச்சா?"

"ஆமாய்யா, கூட்டுத்தான்" என்றேன். அவர் அவனைத் திட்டியதைவிட என்னை அதிகமாகத் திட்டினார். அவன் வெளியூர்க்காரன், நான் ஊர்க்காரி. நான் முழுக்கக் கேட்டுவிட்டுத்தான் வெளியே வந்தேன். படிக்கட்டில் யாரோ பின்னாலிருந்து, "பேருக்காக வந்து கத்துது" என்றார்கள்.

அதற்கு அப்புறம் ஒன்றரை வருஷம் எனக்குப் படம் இல்லை. மறுபடி கல்யாணங்கள் எடுத்தேன். சின்னாளப்பட்டியில் ஒரு கடைக்குச் சுங்குடிச் சேலைப் படங்கள் எடுத்தேன்; துணியின் நிறம் படத்தில் அப்படியே வரவேண்டும், இல்லையென்றால் வாங்கினவர்கள் திருப்பி அனுப்புவார்கள் என்று கடைக்காரர் கறாராகச் சொன்னார். அந்தக் கறார் எனக்குப் பிடித்திருந்தது. பிறகு புதிதாக வந்த ஒரு பெண் இயக்குநர் கூப்பிட்டார், சின்னப் படம். அதிலிருந்து எண்ணினால் இப்போது மூன்றாவது படத்தில் இருக்கிறேன். ஒத்துக்கொள்ளும்போதே, மண்ணையோ மரத்தையோ தொடுகிற எந்த வேலையும் எனக்குத் தெரியாமல் நடக்கக் கூடாது என்று எழுதி வாங்குகிறேன். இதைப் படித்துவிட்டு இரண்டு பேர் என்னை வேண்டாம் என்று விட்டுவிட்டார்கள். போகட்டும்.

போன மாதம் அவன் போன் செய்தான். புது எண், அதனால் எடுத்துவிட்டேன். அடுத்த படம் ஆரம்பிக்கிறானாம். "பழசெல்லாம் விடு. நீ இல்லாம எனக்கு ஃப்ரேமே வர மாட்டேங்குது" என்றான். குரலில் நடிப்பு இல்லை. அது எனக்குத் தெரியும்.

"அந்த அக்காவப் போய்ப் பாத்தியா?" என்று கேட்டேன்.

"எந்த அக்கா?"

போனை வைத்துவிட்டு அந்த எண்ணைத் தடுத்தேன். அப்புறம் லென்ஸைத் துடைக்க உட்கார்ந்தேன். மறுநாள் காலை ஏழு மணிக்கு நிலக்கோட்டைப் பக்கம் முதல் ஷாட்.